டங்ஸ்டன் குப்பியும் எலக்ட்ரான் பம்ப்பும்

ஒரு பொருளை இந்த உலகத்திலிருந்து வேறொரு உலகத்துக்குத் தள்ளிவிடும் கருவிகள் கதைகளில் நிறைய வந்துவிட்டன. பொத்தானை அழுத்துவார்கள், பளிச்சென்று வெளிச்சம் வரும், மேசைமேல் இருந்த பொருள் காணாமல் போகும். எனக்கு ஒவ்வொரு முறையும் ஒரு கேள்வி மிச்சமிருக்கும்: போன பொருள் அங்கே என்ன ஆகும்? அந்த உலகத்தின் இயற்பியலே வேறு என்றால், இங்கிருந்து போன இரும்பு அங்கே இரும்பாகவே இருக்குமா?

இந்தக் கேள்விக்குப் பதில் சொல்வதற்காகவே கட்டியது போன்ற ஒரு கருவி உண்டு. ஐசக் அசிமோவ் 1972இல் எழுதிய 'தி காட்ஸ் தெம்செல்வ்ஸ்' நாவலில் வரும் எலக்ட்ரான் பம்ப். போன வாரம் மூன்றாவது முறையாகப் படித்து முடித்தேன், இன்னும் தலைக்குள்ளேயே ஓடிக்கொண்டிருக்கிறது.

கதை ஒரு சாதாரணக் குப்பியில் தொடங்குகிறது. ஹாலம் என்ற வேதியியலாளரின் மேசையில் டங்ஸ்டன் என்று லேபிள் ஒட்டிய ஒரு பழைய குப்பி, தூசி படிந்து, யாரும் தொடாமல் கிடக்கிறது. ஒருநாள் பார்த்தால் உள்ளே இருக்கும் உலோகம் வேறு மாதிரி இருக்கிறது, பழைய மங்கல் இல்லை, சுத்தமாக இருக்கிறது. யாரோ எடுத்து மாற்றி வைத்துவிட்டார்கள் என்று அவருக்குக் கோபம். பக்கத்து அறைக்காரர் டெனிசன் அதைக் கிண்டல் செய்யப்போக, அந்த வீம்பில்தான் ஹாலம் அதைச் சோதனைக்கே அனுப்புகிறார். வந்த முடிவு: புளூட்டோனியம்-186.

அப்படி ஒரு பொருள் நம் பிரபஞ்சத்தில் இருக்கவே முடியாது. 186 என்பது அணுக்கருவில் உள்ள புரோட்டானும் நியூட்ரானும் சேர்ந்த எண்ணிக்கை. புளூட்டோனியத்துக்கு 94 புரோட்டான், அப்படியானால் 186இல் நியூட்ரான் வெறும் 92. நேர்மின்னூட்டம் உள்ள புரோட்டான்கள் ஒன்றையொன்று தள்ளிக்கொண்டே இருக்கும், அத்தனையையும் சேர்த்துப் பிடித்துவைக்க நியூட்ரான் நிறைய வேண்டும். நிஜ புளூட்டோனியம்-239இல் 145 நியூட்ரான் இருக்கிறது. ஆக, 186 எங்கே நிலையாக இருக்க முடியும் என்றால், அணுக்கருவைக் கட்டிவைக்கும் அந்த வலிமையான விசை நம்மிடம் இருப்பதைவிடப் பல மடங்கு அதிகமாக இருக்கும் ஒரு பிரபஞ்சத்தில். அங்கிருந்துதான் யாரோ அனுப்பியிருக்கிறார்கள், பதிலுக்கு நம் டங்ஸ்டன்-186ஐ எடுத்துக்கொண்டு.

இந்தப் பண்டமாற்றைத் தொடர்ந்து நடத்துவதுதான் எலக்ட்ரான் பம்ப், பழைய இரும்புக்குப் பேரீச்சம்பழம் மாதிரி. இங்கே சும்மா கிடக்கும் டங்ஸ்டன் அங்கே போனதும் நிலைகுலைந்து, 20 எலக்ட்ரான்களை உமிழ்ந்து புளூட்டோனியமாக மாறும். அங்கே சாதுவாக இருந்த புளூட்டோனியம் இங்கே வந்ததும் 20 பாசிட்ரான்களை, அதாவது நேர்மின்னூட்டம் உள்ள எலக்ட்ரான்களை, உமிழ்ந்து டங்ஸ்டனாக மாறும். இரண்டு பக்கத்துக்கும் ஆற்றல் கிடைக்கும். புளூட்டோனியத்தின் 94 புரோட்டானிலிருந்து டங்ஸ்டனின் 74ஐக் கழித்துப் பாருங்கள், அந்த 20 சரியாக வரும். முதல் முறை படித்தபோது பேனா எடுத்து அட்டையின் உள்பக்கத்தில் இந்தக் கணக்கைப் போட்டுப் பார்த்தேன், அந்த நீல மை இன்னும் இருக்கிறது.

டங்ஸ்டன் என்பதால் எனக்குக் கூடுதல் நெருக்கம். சின்ன வயதில் ஃபியூஸ் போன குண்டு பல்பைக் காதருகே வைத்து ஆட்டுவேன், அறுந்த இழை கண்ணாடியில் பட்டு மெல்லிசாகக் கிணுகிணு என்று கேட்கும். அந்த இழையும் டங்ஸ்டன்தான். உருக 3,400 டிகிரி செல்சியஸுக்கு மேல் சூடு வேண்டிய, எதற்கும் அசையாத உலோகம். அதையே அணுக்கரு கலங்கும் இடத்துக்கு அசிமோவ் அனுப்பியிருக்கிறாரே என்று இப்போதும் ஆச்சரியமாக இருக்கிறது.

இந்த நாவல் பிறந்ததே ஒரு பேச்சில்தான். 1971இல் ராபர்ட் சில்வர்பெர்க் என்ற இன்னொரு அறிவியல் புனைகதை எழுத்தாளர் ஒரு கூட்டத்தில் ஏதோ உதாரணத்துக்காகப் புளூட்டோனியம்-186 என்று சொல்லிவிட்டார். அப்படி ஒன்று இருக்க முடியாது என்று அசிமோவ் சொன்னார், அப்புறம் அது எங்கே இருக்க முடியும் என்று யோசித்து எழுதவே உட்கார்ந்துவிட்டார். அறிவியல் புனைகதைக்கான ஹியூகோ, நெபுலா என்று இரண்டு விருதும் நாவலுக்குக் கிடைத்தன.

சரி, இலவச ஆற்றல் கிடைத்தாயிற்று, பிரச்சினை என்ன? பொருள் மட்டும் தாண்டி வருவதில்லை, அந்த உலகத்தின் விதியும் கூடவே கசிந்து வருகிறது. என்னைப் பொறுத்தவரை இந்தக் கருவியை மற்ற எல்லாவற்றுக்கும் மேலே வைப்பது இந்த ஒரு யோசனைதான். குப்பியில் இருந்த புளூட்டோனியம் வந்தவுடனே கதிர்வீச்சு காட்டவில்லை, நம் விதிக்குப் பழகப் பழகத்தான் காட்டத் தொடங்கியது. அதேபோல அவர்களுடைய வலுவான அணுக்கரு விசை இங்கே கொஞ்சம் கொஞ்சமாகப் பரவினால், சூரியனுக்குள் நடக்கும் அணுக்கரு இணைவு வேகம் பிடித்து, ஒருநாள் சூரியனே வெடித்துவிடும். லாமோன்ட் என்ற இளம் விஞ்ஞானி இதைக் கண்டுபிடித்து ஒவ்வொரு கதவாகத் தட்டுகிறார். பம்ப்பின் தந்தை என்று உலகமே ஹாலமைக் கொண்டாடும்போது யார் கேட்பார்கள்? எல்லார் வீட்டிலும் விளக்கு எரிகிறது, செலவே இல்லை, அதை நிறுத்தச் சொல்கிறவரை யாருக்கும் பிடிக்கவில்லை. அந்தப் பக்கத்திலிருந்தும் ஒரு குரல், பம்ப்பை நிறுத்துங்கள் என்று தட்டுத்தடுமாறி எழுதி அனுப்புகிறது. அவர்களுடைய ஆட்களும் அந்தக் குரலைக் கேட்பதில்லை. கதையில் அந்த இடம் வந்ததும் புத்தகத்தைக் கொஞ்சநேரம் மூடி வைத்துவிட்டேன், மேலே படிக்க முடியவில்லை.

அந்தக் குரல் யாருடையது என்பதை இரண்டாம் பகுதி சொல்லும். முழுக்க அந்தப் பிரபஞ்சத்திலேயே நடக்கிறது, மனிதர் ஒருவர்கூடக் கிடையாது. மூன்றாம் பகுதி நிலவில் நடக்கிறது. நான் அதை முதல் இரண்டுக்கு ஒரு படி கீழேதான் வைப்பேன், பேச்சு அதிகம். ஆனால் கசிவுக்கு அங்கே கிடைக்கும் தீர்வு மனதை நிறைக்கிறது, ஒரு பக்கம் ஏறுவதை எதிர்ப்பக்கத்திலிருந்து சமன் செய்வது மாதிரி. அதை நீங்களே படித்துத் தெரிந்துகொள்ளுங்கள்.

ஒன்று மட்டும் முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன். நான் வாங்கியது பழைய புத்தகக் கடைப் பிரதி. முதல் பக்கத்தைத் திறந்தால் அத்தியாயம் 6 என்று இருந்தது, ஐந்து அத்தியாயம் கிழிந்துபோயிருக்கிறது என்று நினைத்துத் திருப்பிக் கொடுக்கவே கிளம்பிவிட்டேன். கிழியவில்லை, அசிமோவ் வேண்டுமென்றேதான் 6இல் தொடங்குகிறார். அப்படியே மேலே படியுங்கள், அந்தக் குப்பி கொஞ்ச நேரத்தில் வந்துவிடும்.