பினோத் என்ற பெயரில் ஒரு சக ஊழியர்

"நான் உங்களிடம் புகார் சொன்னேனா சார்?" என்று அவர் கேட்டது 2022இல். அதற்கு என்ன பதில் சொல்லியிருக்க வேண்டும் என்று இன்னும் யோசிக்கிறேன்.

அந்த ஆண்டு மே மாதம்தான் 'பஞ்சாயத்' இந்தித் தொடரின் இரண்டாம் சீசன் வந்தது. ஃபுலேரா கிராமத்துப் பிரதானை, அதாவது ஊராட்சித் தலைவரை, எதிர்த்துக் கிளம்பும் பூஷண், அருகில் இருக்கும் நண்பரிடம் "தேக் ரஹா ஹை பினோத்" என்பார். பார்க்கிறாயா, எப்படியெல்லாம் காரியம் சாதிக்கிறார்கள் என்ற தொனி. பூஷணாக நடித்த துர்கேஷ் குமாரின் பேச்சும், பினோத்தாக அதைக் கேட்டுக்கொண்டிருக்கும் அசோக் பாடக்கின் முகமும் ஒரே படத்தில் அடங்கிவிட்டன. தொடரைப் பார்க்காதவர்களுக்கும் அந்தப் படம் போதும்; யாருடைய தந்திரத்தின் மீதும் ஒட்டலாம். மீம் பரவியது அப்படித்தான்.

எங்கள் அணியில் பீகாரிலிருந்து வந்த ஒருவருக்கும் அதே பெயர். வாடிக்கையாளர் கடைசி நேரத்தில் எதையாவது மாற்றச் சொன்னால், யாராவது அவர் பக்கம் திரும்பி வசனத்தைச் சொல்வார்கள். எல்லோரும் சிரிப்போம். அதில் தவறில்லை என்றே இப்போதும் நினைக்கிறேன். தொடரில் இருப்பதுபோலவே கேலி வேறொருவர் மீது. பினோத் அதற்குச் சாட்சி மட்டுமே.

போகப்போக அவர் உள்ளே நுழைந்தாலே வசனம் வந்தது. அவருடைய ஊர் உச்சரிப்பையும் சேர்த்துக்கொண்டார்கள். ஒரு கூட்டத்தில், மென்பொருள் கோளாறு எங்கே தொடங்கியது என்று அவர் விளக்கிக்கொண்டிருந்தார். பாதியில் ஒருவர் வசனத்தைச் சொல்ல, அறையே சிரித்தது. அவரும் சிரித்தார். பிறகு திரையைப் பார்த்தபடி மவுஸை இப்படியும் அப்படியும் நகர்த்திக்கொண்டிருந்தாரே தவிர, சொல்ல வந்ததைச் சொல்லி முடிக்கவில்லை.

மறுநாள் அலுவலக வாட்ஸ்அப் குழுவில், இனி அந்த வசனம் வேண்டாம் என்று எழுதினேன். மாலையில் அவர் வந்து அந்தக் கேள்வியைக் கேட்டார். "இத்தனை நாள் என்னை யாரும் டீக்குக் கூப்பிட்டதில்லை சார். இதற்குப் பிறகுதான் கூப்பிட ஆரம்பித்தார்கள். இனிமேல் பயந்து ஒதுங்குவார்கள்."

ஒதுங்கத்தான் செய்தார்கள். முதலில் அவரையே கேட்டிருக்கலாமே என்று ஒரு மனம் சொல்கிறது. கேட்டிருந்தால் "பரவாயில்லை சார்" என்பதைத் தவிர வேறென்ன சொல்லியிருப்பார்? புதிதாக வந்தவர் மேலதிகாரியிடம் வேறு எதைச் சொல்ல முடியும்? அந்தச் சிரிப்பை நம்பி நான் சும்மா இருந்திருக்க முடியாது. ஆனால் டீக்கடைக்குக் கிடைத்த அழைப்பும் பொய்யில்லையே.

2025இல் வந்த நான்காம் சீசனில், கட்சி மாறச் சொல்லி ஆசை காட்டுபவர்களிடம், ஏழைதான், துரோகி அல்ல என்று பினோத் சொல்லும் காட்சி வருகிறது. பலரும் அதை நெகிழ்ந்து பகிர்ந்தார்கள். அதுவரை கேட்டுத் தலையாட்டியவருக்கு அங்கே பேச இடம் கிடைத்தது. எங்கள் கூட்டத்தில் பாதியில் நின்ற விளக்கத்தைத்தான் நான் நினைத்துக்கொண்டேன். இன்று அதே நிலை வந்தாலும் அதே செய்தியைத்தான் அனுப்புவேன். மறுநாள் அவரை டீக்கு யார் கூப்பிடுவார்கள் என்பதற்கு மட்டும் என்னிடம் வழியில்லை.