அண்ணத்தில் ஒரு துளை

"சார், ஹைப்பர்னா மிகைதானே? இதுக்கு 14 துளை வரைக்கும் இருக்கே. பொருந்துதே?"

விலங்கியல் கலைச்சொல் அட்டைகளைச் சரிபார்த்துக்கொண்டிருந்தபோது உடனிருந்த இளம் விரிவுரையாளர் கேட்டது இவ்வளவுதான். ஹேக்மீன் என்ற, விலாங்கு போன்ற தாடையற்ற கடல்மீன்களைக் குறிக்கும் 'ஹைப்பரோட்ரெட்டி' என்ற சொல்லுக்கு நேராக அவர் 'மிகைத்துளையின' என்று எழுதியிருந்தார். நான் அதை அடித்துவிட்டு 'அண்ணத்துளையின' என்று எழுதினேன். "சொல் அப்படிப் பிரியாதும்மா" என்றேன். அடுத்த அட்டைக்குப் போய்விட்டோம். அதே அட்டையில் வரையறையிலும் ஒரு வரியைத் திருத்தினேன். அதைப் பற்றி அவர் எதுவும் கேட்கவில்லை. கேட்டிருக்கலாம் என்று இப்போது தோன்றுகிறது.

முதல் திருத்தத்தில் எனக்கு ஐயமே கிடையாது. ஹேக்மீன்களுக்கு விலங்கியலார் வைத்த பழைய பிரிவுப் பெயர் ஹைப்பரோட்ரெட்டி. ஹைப்பர்டென்ஷன், ஹைப்பர்தைராய்டு என்று பழகிய கண் 'ஹைப்பர்' முடிந்த இடத்திலேயே சொல்லை வெட்டிவிடும். வெட்டினால் மிஞ்சுவது 'ஓட்ரெட்டி'. அப்படி ஒரு கிரேக்கச் சொல் இல்லை. மிச்சம் பொருள் தரவில்லையென்றால் வெட்டிய இடம் தப்பு என்பது கலைச்சொல் வேலையில் முதல் சோதனை. சரியான மூட்டு 'ஹைப்பரோ'வுக்குப் பிறகு இருக்கிறது. 'ஹுப்பெரோவா' என்றால் கிரேக்கத்தில் அண்ணம், அதாவது வாயின் மேற்கூரை. 'ட்ரேட்டோஸ்' என்றால் துளைக்கப்பட்டது. அண்ணம் துளைபட்டவை என்பதுதான் பெயர்.

இந்தப் பெயரைத் தனியாக எடுத்து மொழிபெயர்க்கவும் கூடாது. இதற்கு ஒரு ஜோடி உண்டு. ஜெர்மன் உடற்கூறியலார் யோகான்னஸ் முல்லர் 1830களில் ஹேக்மீன்களின் உடற்கூற்றை விரிவாக எழுதியபோது தாடையில்லாமல் வட்டமான வாய் கொண்ட மீன்களான வட்டவாயிகளை இரண்டாகப் பிரித்தார். ஹேக்மீன்கள் ஹைப்பரோட்ரெட்டி; லாம்ப்ரேக்கள் ஹைப்பரோஆர்ஷியா. பின்னதில் இருப்பது 'ஆர்ட்டியோஸ்', அதாவது முழுமையானது, குறையற்றது. ஒன்றுக்கு அண்ணத்தில் துளை, மற்றதற்கு அண்ணம் மூடியே இருக்கிறது. ஜோடியை அருகருகே வைத்தால் 'மிகை' தானாகவே விழுந்துவிடும். ஹைப்பரோஆர்ஷியாவை 'மிகைமுழுமையின' என்று யாரும் எழுத மாட்டார்கள்.

இதையெல்லாம் அன்று நான் அவரிடம் சொல்லவில்லை. ஐந்து நிமிடம் ஆகியிருக்கும்.

அந்தத் துளை எங்கே இருக்கிறது என்பதையும் சொல்லியிருக்க வேண்டும். ஹேக்மீனுக்கு ஒரே ஒரு நாசித்துளை. முகத்தின் முன்நுனியில், மீசைகளுக்கு நடுவே இருக்கும். அதிலிருந்து ஒரு குழாய் பின்னோக்கி ஓடி, மோப்ப உறுப்பைக் கடந்து, மூளைக்கு அடியில் போய்த் தொண்டைக்குள் திறக்கிறது. அந்தத் திறப்பைத்தான் முல்லர் அண்ணத்துளை என்றார். லாம்ப்ரேக்கும் நாசித்துளை ஒன்றுதான், ஆனால் அது தலையின் மேற்புறத்தில், கண்களுக்கு நடுவே இருக்கிறது. அதன் குழாயும் மூளைக்கு அடியில் போகிறது. போய் ஒரு பையாக முடிந்துவிடுகிறது. தொண்டைக்கு வழி கிடையாது.

ஆய்வுக்கூடத்தில் இதைக் காட்ட வேண்டுமென்றால் ஃபார்மலினில் இருந்த மாதிரியை முதல் நாள் இரவே தண்ணீரில் போட்டு ஊறவைக்க வேண்டும். நாசித்துளையைச் சுற்றிக் கெட்டியாகிப் போன சளியைத் தூரிகையால் துடைத்தெடுக்க வேண்டும். பிறகு முனை மழுங்கிய சலாகையை, அல்லது பன்றிமுடி ஒன்றை, நாசித்துளை வழியாக மெல்ல விட வேண்டும். ஹேக்மீனில் அது தொண்டையில் தலைகாட்டும். லாம்ப்ரேயில் முட்டிக்கொண்டு நிற்கும். அங்கேதான் கை அவசரப்படும். இன்னும் கொஞ்சம் அழுத்தினால் பையின் சுவர் கிழிந்து சலாகை தொண்டைக்குள் போய்விடும். லாம்ப்ரேயிலும் துளை இருப்பதாகவே குறிப்பேட்டில் ஏறிவிடும். முட்டியதும் நிறுத்திவிட்டு, தலையை நடுக்கோட்டில் நீளவாக்கில் அறுத்துப் பார்ப்பதுதான் நம்பத்தக்க வழி.

அந்தத் துளை வெறும் அடையாளக் குறியும் அல்ல. ஹேக்மீன் மூச்சு விடுவதே அதன் வழியாகத்தான். சேற்றில் உடலைப் புதைத்துக்கொண்டு மூக்கை மட்டும் வெளியே நீட்டிக் கிடக்கும்போது, தொண்டையில் உள்ள வீலம் என்ற திரை சுருண்டும் விரிந்தும் நாசித்துளை வழியே நீரை உள்ளே இழுக்கிறது. நீர் செவுள் பைகளைக் கடந்து வெளியேறுகிறது. லாம்ப்ரே இன்னொரு மீனின் உடலைக் கவ்விக்கொண்டிருப்பது. அதன் வாய் அடைபட்டிருக்கும். அதனால் செவுள் துளை வழியாகவே நீரை உள்ளே இழுத்து அதே வழியாக வெளியே தள்ளுகிறது. மூக்குக்குழாய் தொண்டைக்குத் திறப்பதும் திறக்காததும் இரண்டு வேறு மூச்சு முறைகளின் அடையாளம். ஹேக்மீன் தாக்குதலுக்கு ஆளானால் நொடிக்குள் கக்கும் சளி எதிரியின் செவுளை அடைத்துவிடும். தன் நாசித்துளையை அடைத்தாலும் ஆபத்துதான். அப்போது தும்முவதுபோல் நீரைப் பீய்ச்சிச் சளியைத் தள்ளுகிறது. உடலில் வால் பக்கம் ஒரு முடிச்சுப் போட்டு, அதைத் தலை வரை உருட்டிச் சளியை வழித்தெடுக்கிறது. இவ்வளவையும் ஒரு பெயருக்குள் வைத்தவரின் சொல்லை 'மிகை' என்று விட்டுவிட எனக்கு மனம் வரவில்லை. இதில் நான் செய்தது சரிதான்.

ஆனாலும் 14 என்ற எண் அவருக்கு எங்கிருந்து வந்தது என்று யோசித்தால், அவர் கண்மூடித்தனமாக எழுதவில்லை என்பது தெரிகிறது. ஹேக்மீன்களில் எப்டாட்ரீட்டஸ் என்ற பேரினம் உண்டு. 'ஹெப்டா' ஏழு, 'ட்ரேட்டோஸ்' துளை. நியூசிலாந்து இனத்தின் ஏழு ஜோடிச் செவுள் துளைகளைப் பார்த்து வைத்த பெயர். அந்தப் பேரினத்தில் துளைகளின் எண்ணிக்கை இனத்துக்கு இனம் மாறும். வட அமெரிக்காவின் பசிபிக் கரையில் வாழும் எப்டாட்ரீட்டஸ் ஸ்டவுட்டியில் பக்கத்துக்கு 10 முதல் 14 வரை போகிறது. இரு பெயரிலும் 'ட்ரேட்டோஸ்' ஒன்றுதான், துளைகள்தான் வேறு. ஒன்று செவுள் துளையைச் சொல்கிறது, மற்றது அண்ணத் துளையை. அவர் முதல் பெயரின் பொருளை இரண்டாவதற்கு ஏற்றிப் பார்த்தார். "எப்டாட்ரீட்டஸை நெனச்சு எழுதினீங்களா?" என்று நான் கேட்டிருந்தால் சிக்கல் அங்கேயே அவிழ்ந்திருக்கும். "மிக்சின் குளூட்டினோசாவை எடுத்துப் பாருங்க, உள்ளே ஆறு ஜோடிச் செவுள் பை, வெளியே பக்கத்துக்கு ஒரே ஒரு துளை, மிகை அங்கே எப்படிப் பொருந்தும்?" என்று காட்டியும் இருக்கலாம்.

இரண்டாவது திருத்தத்துக்கு வருகிறேன். அவர் எழுதிய வரையறை: 'தாடையற்ற முதுகெலும்பிகளான வட்டவாயிகளின் இரு பிரிவுகளுள் ஒன்று.' நான் மாற்றி எழுதியது: 'மண்டையோடு உடையவை, முதுகெலும்பு அற்றவை, முதுகெலும்பிகளுக்கு வெளியே கிளைத்தவை.'

அது 2000களின் தொடக்கம். அன்று மேசையில் இருந்த நல்ல பாடநூல்கள் அப்படித்தான் சொல்லின. லாம்ப்ரேக்கு முதுகுநாணின் (முதுகு நெடுக ஓடும் வளையும் தண்டு) மேல் குருத்தெலும்பு வளைவுகள் உண்டு, கண்ணில் வில்லை உண்டு, கண்ணை அசைக்கும் தசை உண்டு, உடலின் உப்பளவைக் கடல்நீரிலிருந்து வேறாக வைத்துக்கொள்ளும் திறனும் உண்டு. ஹேக்மீனுக்கு இவை எதுவும் இல்லை. அதன் இரத்தத்தின் உப்பளவு கடல்நீருக்குச் சமம். ஆகவே லாம்ப்ரே நம் பக்கம், ஹேக்மீன் வெளியே என்று 1970களுக்குப் பிறகு பலர் வகுத்தார்கள். மறக்கப்பட்டுக்கொண்டிருந்த ஹைப்பரோட்ரெட்டி என்ற பெயர் அந்தக் காலத்தில்தான், முதுகெலும்பிகளின் அடுத்த உறவுக் கிளை என்ற புதுப் பொருளில், மறுபடி புழங்கத் தொடங்கியது. நான் அந்தப் புழக்கத்தைப் பின்பற்றினேன். ஒரு கலைச்சொல் தொகுதி நடப்பில் உள்ள நூல்களோடு ஒத்துப்போக வேண்டும் என்பதில் இன்றும் உறுதியாக இருக்கிறேன்.

ஆனால் 'இல்லை' என்பதை 'ஒருபோதும் இருந்ததில்லை' என்று படித்துவிட்டோம். 1992லேயே ரைபோசோம் ஆர்என்ஏ ஒப்பீடு லாம்ப்ரேயும் ஹேக்மீனும் ஒரே குழு என்று காட்டியிருந்தது. 2010இல் நுண் ஆர்என்ஏக்கள் அதையே உறுதிப்படுத்தின. 2011இல் ஜப்பானியக் கரையோர இனமான எப்டாட்ரீட்டஸ் பர்கேரியில், வால் பகுதியில் முதுகுநாணுக்குக் கீழே, முள்ளெலும்புக்கு இணையான சிறு குருத்தெலும்பு முடிச்சுகளைக் காட்டினார்கள். ஹேக்மீன் முதுகெலும்பை இழந்துகொண்டு வந்த முதுகெலும்பி என்றுதான் இன்று பெரும்பாலோர் கொள்கிறார்கள். அவர் எழுதிய வரி திரும்பி வந்துவிட்டது. சொல்லில் அவர் தவறினார், விலங்கில் நான் தவறினேன்.

2010ஐயும் 2011ஐயும் நான் முன்கூட்டி அறிந்திருக்க முடியாது. 1992ஐ அறிந்திருக்க முடியும். அதைவிட எளிய ஒன்றும் இருந்தது: இது முல்லரின் சொல், முல்லர் இதை வட்டவாயிகளுக்குள் ஒரு பிரிவாகத்தான் வைத்தார். சொல்லின் வரலாற்றுப் பொருள் என்று பார்த்தால் அன்றைக்கே அவருடைய வரையறைதான் சரி. சொற்பிறப்பில் முல்லரைப் பிடித்துக்கொண்டு நின்ற நான், வரையறையில் அவரை விட்டுவிட்டேன். இப்படிச் சொல்லும்போதே, தொகுதி மாணவர்களுக்கானது, அவர்களுக்கு நடப்புக் கருத்துதானே வேண்டும் என்றும் தோன்றுகிறது. வட்டவாயிகள் எல்லாமே ஒட்டுண்ணிகள், எல்லாமே முட்டையிட நன்னீருக்குப் போகும் என்று பாடநூல்களில் சேர்த்தெழுதிவிடுகிறார்கள். ஹேக்மீன் நன்னீர்ப் பக்கமே வராது, பெரும்பாலும் செத்ததைத் தின்னும். இரண்டையும் பிரித்துக் காட்டும் பெயர் மாணவருக்குத் தேவைதான். பிரித்துக் காட்டுவதற்காக ஒன்றை வீட்டுக்கு வெளியே நிறுத்த வேண்டுமா என்பதுதான் கேள்வி.

'அண்ணத்துளையின' என்ற என் சொல்லும் தொல்லை தராமல் இல்லை. மெய்ப்பில் அது 'அன்னத்துளையின' என்று வந்தது. ஒரே பக்கத்தில் இரண்டு முறை. மருத்துவம் படித்தவர்கள் அண்ணப் பிளவு என்ற பிறவிக் குறையை நினைக்கிறார்கள். கிரேக்கச் சொல்லின் அமைப்புக்கு அண்ணத்தைவிட 'மேல்வாய்' இன்னும் நெருக்கம். ஹுப்பெரோவாவிலும் 'மேல்' என்பதுதான் வேர், வீட்டின் மேல்தளத்துக்கும் கிரேக்கத்தில் அதே வேர்ச்சொல். ஆனால் தாடையே இல்லாத விலங்கை 'மேல்வாய்த்துளையின' என்றால் படிப்பவர் மேல்தாடையைத் தேடுவார். உண்மையில் நமக்குள்ளது போன்ற அண்ணமும் அதற்குக் கிடையாது. துளை திறப்பது தொண்டைக்கூரையில். உடற்கூறு பார்த்தால் 'தொண்டைநாசியின' என்று வைக்கலாம். வைத்தால் முல்லரின் ஜோடி உடைந்துவிடும்.

பயன்படுத்துபவர்களுக்குச் சில குறிப்புகள் அட்டையில் சேர்க்க வேண்டியிருக்கிறது. ஹைப்பரோட்ரெட்டி பன்மைச் சொல். 'ஹைப்பரோட்ரெட்டிகள்' என்றால் பன்மைக்கு மேல் பன்மை. ஹைப்பரோட்ரெட்டா என்று முடியும் வடிவமும் பழைய அமெரிக்க நூல்களில் வரிசைப் பெயராக வருகிறது. அது வேறு குழு அல்ல. மிக்சினி என்பதும் இதே விலங்குகள்தான், இன்று வகுப்பின் பெயராக அதுவே அதிகம் புழங்குகிறது. மிக்சின் என்பது அதற்குள் ஒரு பேரினம் மட்டும். ஓர் எழுத்துத்தான் வித்தியாசம். மெய்ப்பு பார்ப்பவர் இதை அச்சுப்பிழை என்று 'திருத்தி'விடக்கூடும். பேரினப் பெயர் சாய்வெழுத்தில் வரும், மற்றவை வராது. குடும்பத்துக்கு மேற்பட்ட பெயர்களுக்குச் சர்வதேச விலங்குப் பெயர் விதிகளின் முந்துரிமை (முதலில் வைத்த பெயரே நிற்கும் என்பது) பொருந்தாது என்பதால் மிக்சினி, ஹைப்பரோட்ரெட்டி இரண்டில் எதை எழுதினாலும் பிழையில்லை. ஒரே கட்டுரையில் இரண்டையும் கலக்காமல் இருந்தால் சரி.

மறுபதிப்புக்கான அட்டையில் அவருடைய பழைய வரையறையை அப்படியே எழுதிவிட்டேன்: 'தாடையற்ற முதுகெலும்பிகளான வட்டவாயிகளின் இரு பிரிவுகளுள் ஒன்று, நாசிக்குழாய் தொண்டைக்குள் திறக்கும்.' பின்பாதி மட்டும் நான் சேர்த்தது. தலைச்சொல்லாக 'அண்ணத்துளையின' இன்னும் பென்சிலில்தான் இருக்கிறது.