மாமாவுக்குக் கிடைக்காத ஓட்டு

அக்கா மகளுக்குப் பிப்ரவரியில் 18 முடிந்தது. வாக்காளர் பட்டியலில் பெயர் சேர்க்க மொபைலில் படிவம் 6-ஐ நிரப்பிக்கொண்டிருந்தவளை எட்டிப் பார்த்த சின்ன மாமா, "எங்களுக்கெல்லாம் இவ்வளவு லேசா கிடைக்கலம்மா" என்று ஆரம்பித்துவிட்டார்.

அந்தக் கதை எங்கள் வீட்டில் எல்லோருக்கும் மனப்பாடம். 1989 ஜனவரி, எம்.ஜி.ஆர். மறைவுக்குப் பிறகு வந்த முதல் சட்டமன்றத் தேர்தல். மாமாவுக்கு 19 வயது. ராத்திரி முழுக்கப் பசை வாளியோடு அலைந்து போஸ்டர் ஒட்டியிருக்கிறார், தேர்தலன்று மர நிழலில் உட்கார்ந்து ஊருக்கே பூத் சிலிப் எழுதிக் கொடுத்திருக்கிறார், ஆனால் அவருக்கு ஓட்டு இல்லை. 21 ஆகியிருக்க வேண்டும்.

வயிற்றெரிச்சல் என்னவென்றால், ஓட்டு வயதை 18 ஆக்கும் அரசமைப்பின் 61-வது திருத்தம் அதற்கு முந்தைய மாதமே நாடாளுமன்றத்தில் நிறைவேறிவிட்டது. மாநிலங்களின் ஒப்புதல் எல்லாம் வாங்கி நடைமுறைக்கு வந்தது மார்ச் 28-ல். ஒப்புதல் கையெழுத்துப் போட்ட குடியரசுத் தலைவரும் நம்ம தஞ்சாவூர்ப் பக்கத்து ஆர். வெங்கட்ராமன்தான். இத்தனைக்கும் 326-வது பிரிவில் 'இருபத்தொன்று' என்று இருந்த இடத்தில் 'பதினெட்டு', மாற்றம் அவ்வளவுதான்.

நவம்பரில் நாடாளுமன்றத் தேர்தல் வந்தபோது மாமா விடியற்காலையிலேயே வரிசையில் நின்றாராம். இளைஞர்களுக்கு ஓட்டுக் கொடுத்த ராஜீவ் காந்தியின் கட்சி, 400-க்கு மேல் இடங்கள் வைத்திருந்தது, 197-க்கு இறங்கிவிட்டது. தமிழ்நாட்டில் நேர்மாறு: காங்கிரஸ், அ.தி.மு.க. கூட்டணிக்கு 39-ல் 38, ஜனவரியில் ஆட்சியைப் பிடித்த தி.மு.க.வுக்கு ஒன்றுகூட இல்லை. இளைஞர் ஓட்டு இந்தப் பக்கம்தான் விழும் என்று அடித்துப் பேசுகிறவர்களைக் கண்டால் எனக்கு இந்தத் தேர்தல்தான் ஞாபகம் வரும்.

சரி, 18 ஆனால் போதுமா? எந்தத் தேதியில் 18 ஆகியிருக்க வேண்டும் என்பதை அரசமைப்பு சொல்வதில்லை, சாதாரணச் சட்டத்துக்கு விட்டுவிட்டது. அந்தத் தேதி ரொம்ப காலம் ஜனவரி 1 மட்டும்தான், ஜனவரி 2-ல் பிறந்தவர் கிட்டத்தட்ட ஒரு வருஷம் சும்மா காத்திருக்க வேண்டும். 2021-ல் வந்த தேர்தல் சட்டத் திருத்தத்துக்கு அப்புறம்தான் ஜனவரி, ஏப்ரல், ஜூலை, அக்டோபர் என்று நான்கு மாதங்களின் முதல் தேதிகளும் கணக்கில் வந்தன. அதே திருத்தத்தில் வந்த, வாக்காளர் பட்டியலோடு ஆதாரை இணைக்கும் விஷயத்தில் நடந்த சண்டையில் இதை யாரும் பெரிதாகப் பேசவில்லை. எங்கள் வீட்டுப் பிப்ரவரிப் பெண்ணுக்கு ஏப்ரல் 1 போதும்.

சரிபார்க்க ஆள் வருவார்கள் என்று அவளுடைய பிறப்புச் சான்றிதழை இரண்டு ஜெராக்ஸ் எடுத்து, பிளாஸ்டிக் கவரில் போட்டு டிவி மேல் வைத்திருக்கிறார் மாமா.