நாட் பேட் என்றால் பரவாயில்லை

இங்கிலாந்தின் பிரிஸ்டல் நகரில், கட்டட வடிவமைப்பு அலுவலகம் ஒன்றில் சில ஆண்டுகள் வேலை பார்த்தேன். ஆங்கிலேயர்களைப் பற்றி ஊரில் கேட்டுவிட்டுப் போன கதைகளில் பாதி முதல் மாதத்திலேயே உண்மையாகிவிட்டது. மழையைப் பற்றிப் பேசாமல் எந்தக் கூட்டமும் தொடங்கவில்லை. நடைவழியில் நான் ஒருவர் காலை மிதித்தபோது, ‘ஸாரி’ சொன்னவர் மிதிபட்டவர்தான். தேநீர் போட ஒருவர் எழுந்தால் அறையில் இருக்கும் அத்தனை பேருக்கும் சேர்த்தே போட வேண்டும் என்பதால், யாருக்கு எவ்வளவு பால், எத்தனை கரண்டி சர்க்கரை என்று எழுதிய தாள் ஒன்று ஃபிரிட்ஜ் கதவில் ஒட்டப்பட்டிருந்தது. இவையெல்லாம் விரைவில் பழகிவிட்டன. எதையும் குறைத்தே சொல்லும் அவர்களுடைய பேச்சு பிடிபடத்தான் எனக்கு ஓராண்டுக்கு மேல் ஆயிற்று.

வேலையில் சேர்ந்த மூன்றாம் வாரம், ஒரு பள்ளிக் கட்டடத்தின் பீம் கணக்குகளை மேலாளரிடம் கொடுத்தேன். நிதானமாகப் புரட்டிப் பார்த்தவர், “சுவாரசியமாக இருக்கிறது. நேரம் கிடைத்தால் அந்த மூன்றாவது பீமை மட்டும் இன்னொரு முறை பார்க்கலாமோ என்னவோ” என்றார். அதைப் பாராட்டாக எடுத்துக்கொண்டு நான் அடுத்த வேலைக்குப் போய்விட்டேன். நான்கு நாள் கழித்து அவரே என் மேசைக்கு வந்து, “ஸாரி, நான் தெளிவாகச் சொல்லவில்லை போலிருக்கிறது” என்று மெல்லிய குரலில் சொன்ன பிறகுதான் அந்தத் தாளை மறுபடி எடுத்தேன். பீமின் மேல் வரும் பளுவில் பாதியை நான் கணக்கிலேயே சேர்த்திருக்கவில்லை. ‘சுவாரசியம்’ என்றால் தவறு. ‘நேரம் கிடைத்தால்’ என்றால் இன்றே.

பக்கத்து மேசையில் இருந்த மூத்த பொறியாளர்தான் எனக்கு ஆறுதலாக இரண்டு கதைகள் சொன்னார். 1982 ஜூன் 24 அன்று, ஜாவா தீவுக்கு அருகே எரிமலைச் சாம்பலில் சிக்கிய பிரிட்டிஷ் ஏர்வேஸ் விமானத்தின் நான்கு இயந்திரங்களும் நின்றுபோனபோது, விமானி எரிக் மூடி பயணிகளிடம் ‘ஒரு சிறிய பிரச்சினை’ என்றுதான் அறிவித்தார். விமானம் ஜகார்த்தாவில் பத்திரமாக இறங்கியது. மற்றொன்று அப்படி முடியவில்லை. 1951 ஏப்ரலில், கொரியப் போரின்போது, இம்ஜின் ஆற்றங்கரையில் சீனப் படைகள் நெருக்கியபோது, பிரிட்டிஷ் பிரிகேடியர் டாம் பிரோடி தன் அமெரிக்கத் தளபதியிடம் நிலைமை ‘கொஞ்சம் சிக்கலாக’ இருக்கிறது என்றாராம். அமெரிக்கர் அதைச் சொன்னபடியே எடுத்துக்கொண்டார். சூழப்பட்ட குளோஸ்டர்ஷயர் படைப்பிரிவில் 500-க்கும் மேற்பட்டவர்கள் சிறைபட்டார்கள். எதிராளியின் முகம் வாடக் கூடாது என்ற அக்கறையில் பிறந்த பழக்கம் இது என்பதை ஏற்கிறேன். ஆனால் குழந்தைகள் தலைக்கு மேல் நிற்கப் போகும் பீமைப் பற்றிப் பேசும்போது தவறைத் தவறு என்றே சொல்லிவிட வேண்டும் என்பதில் எனக்கு இன்றும் மாற்றுக் கருத்து இல்லை. பிற்காலத்தில் மேலாளரிடமே இதைச் சொன்னேன். அதன்பின் என் தாள்களில் மட்டும் அவர் சிவப்பு மையில் ‘தவறு’ என்று எழுதத் தொடங்கினார்.

ஆண்டு மதிப்பீட்டு நாளில் என் ஃபைலை மூடிவைத்துவிட்டு, ஜன்னலைப் பார்த்தபடி, “நாட் பேட். நாட் பேட் அட் ஆல்” என்றார். அன்றிரவு அப்பாவுக்குத் தொலைபேசியில் அதை எப்படிச் சொல்வது என்று யோசித்து, “மேனேஜர் பரவாயில்லைன்னு சொன்னார்ப்பா” என்றேன். கண்பட்டுவிடும் என்று, கணக்கில் நூற்றுக்கு நூறு வாங்கி வந்த நாளிலும் அந்த ஒரு சொல்லுக்கு மேல் எனக்குத் தராதவர் அப்பா.

“பரவாயில்லைன்னா சொன்னார்?” என்று இரண்டு முறை கேட்டுக்கொண்டார். பிறகு அம்மாவைக் கூப்பிட்டு, “இவ மேனேஜர் இவளை ரொம்பப் புகழ்ந்திருக்கார்” என்றார்.