உற்றுநோக்கல் ஆவணப்படப் பயிற்சி: கேமராவுக்கு முன்னால் காது

நடப்பதில் தலையிடாமல் பார்த்துப் பதிவதுதான் உற்றுநோக்கல் ஆவணப்படம். ஆவணப்பட வகுப்பில் இதற்காகத் தரப்படும் 10 நிமிடப் பயிற்சிப் படம் பெரும்பாலும் எடிட்டிங்கில்தான் சறுக்கும். பேட்டி, பின்னணிக் குரல், இசை மூன்றும் கூடாது என்ற நிபந்தனையில், 5 விநாடி ஓடும் அழகான ஷாட்டுகள் நூறு இருந்தாலும் ஒரு காட்சி தேறாது.

தலைப்பைத் தேடாமல், திரும்பத் திரும்ப நடக்கும் வேலையைத் தேடுங்கள். முடிதிருத்தகம், தையற்கூடம், நூலகம் எதுவானாலும் சரி. முதல் இரண்டு மூன்று நாள் கேமரா இல்லாமலே போய் உட்கார்ந்தால், எந்த நேரத்தில் கூட்டம், எங்கே நின்றால் யாருக்கும் இடைஞ்சல் இல்லை என்பது பிடிபடும். உரிமையாளர் சம்மதித்தது மற்றவர்களும் சம்மதித்ததாக ஆகாது. முகம் தெரியும் ஒவ்வொருவரிடமும் கேட்க வேண்டும்; குழந்தை என்றால் பெற்றோரிடம்.

முழுச்சட்டக (ஃபுல் ஃப்ரேம்) கேமராவில் 35 மி.மீ. லென்ஸ் ஒன்றே போதும். தூரத்தில் நின்று ஜூம் செய்தால் முகம் பக்கத்தில் வரும், குரல் வராது. வெள்ளைச் சமநிலை (வெளிச்சத்துக்கேற்ப நிறத்தைச் சரிசெய்வது), எக்ஸ்போஷர் (படத்தில் பதியும் ஒளியின் அளவு), ஒலி அளவு எதையும் ஆட்டோவில் விடாதீர்கள். ஆட்டோ ஒலியில், பேசுபவர் மூச்சு வாங்கும் இடைவெளியில் மின்விசிறி இரைச்சல் மேலெழும். பிறகு அதைச் சரிசெய்வது பெரும்பாடு. ஒலியின் உச்சம் மைனஸ் 12 டெசிபெல் அருகே நிற்கட்டும். இந்த வகைப் படங்களுக்குப் பேர்போன அமெரிக்க இயக்குநர் ஃபிரெடரிக் வைஸ்மன் கேமராவை இன்னொருவரிடம் கொடுத்துவிட்டு ஒலிப்பதிவைத் தானே செய்தார். இந்த வகைப் படத்தில் காதுதான் கேமராவை வழிநடத்துகிறது. ஒவ்வோர் இடத்திலும் யாரும் பேசாத 60 விநாடி வெற்றொலியையும் பதிந்துகொள்ளுங்கள். அது இல்லாவிட்டால் வெட்டு விழும் இடமெல்லாம் பின்னணி ஓசை துண்டுபட்டுக் கேட்கும்.

பேசுபவர் மாறும்போதெல்லாம் கேமராவைத் திருப்புவதுதான் எல்லாரும் செய்யும் பிழை. ஒவ்வொரு முறையும் அரை விநாடி தாமதமாகவே போய்ச் சேருவீர்கள். கேட்பவர் முகத்தில் நிலைத்து நில்லுங்கள். 12 நிமிட உரையாடலை 2 நிமிடமாகச் சுருக்க அந்த முகமும், வேலை செய்யும் கைகளும், சட்டகத்தை விட்டு ஒருவர் வெளியேறும் ஷாட்டும்தான் கைகொடுக்கும். பேச்சு நின்றதும் பதிவை நிறுத்தாமல் இன்னும் 10 விநாடி பொறுங்கள். சொல்லி முடித்தபின் முகத்தில் படரும் மாற்றம் பல நேரம் சொன்னதைவிடக் கனமானது. "இன்னொரு முறை செய்யுங்கள்" என்று மட்டும் கேட்காதீர்கள். அதன்பிறகு அவர் வேலை செய்யமாட்டார், நடிப்பார்.

10 நிமிடப் படத்துக்கு 5 மணி நேரப் பதிவு நியாயமான அளவு. அன்றிரவே இரண்டு பிரதி எடுத்து, நேரக்குறியோடு குறிப்பெழுதி விடுங்கள். ஒரு வாரம் தள்ளிப்போட்டால், எந்தக் கணம் உங்களை நிறுத்தியது என்பதே மறந்துவிடும்.

வாய்மொழித் தேர்வுக்குப் போகும் முன், நிகழ்வுகளின் வரிசையை எங்கெல்லாம் மாற்றினீர்கள் என்று பட்டியலிடுங்கள். காலைக் காட்சியை மாலைக்குப் பின் வைப்பதை நியாயப்படுத்த முடியும். வேறொரு பேச்சுக்குச் சிரித்தவரை ஒருவரின் துயரத்துக்குச் சிரித்ததாக ஒட்டியிருந்தால், அந்த வெட்டை எடுத்துவிட்டுப் போங்கள்.