மருந்து இலவசம்தான், மறைவுதான் கிடைப்பதில்லை

காரைக்குடியிலிருந்து மதுரைக்கோ திருச்சிக்கோ பேருந்து ஏறிப் போய், முன்பின் தெரியாத தனியார் மருத்துவரிடம் காப்பர்-டி என்னும் கருத்தடைச் சாதனத்தைப் பொருத்திக்கொண்டு திரும்பும் பெண்கள் சிலரை எனக்குத் தெரியும். அதே காப்பர்-டியை அரசு மருத்துவமனையில் ஒரு காசு வாங்காமல் பொருத்துவார்கள் என்பதும் அவர்களுக்குத் தெரியாததன்று. தெரிந்த முகம் எதன் கண்ணிலும் பட்டுவிடக் கூடாது என்பதற்காகவே, ஸ்கேன், ஆலோசனைக் கட்டணம், போக்குவரத்து என்று மாதச் சம்பளத்தில் பாதியைக் கரைத்துவிட்டு வருகிறார்கள்.

செட்டிநாட்டில் ஊர் பேர் தெரியாத ஆளாக இருப்பது எளிதன்று. எந்த ஊர், நகரத்தார் சமூகத்தின் ஒன்பது குலக்கோயிலில் எந்தக் கோயில், யார் வீட்டுப் பிள்ளை என்று விசாரித்து முடித்த பிறகுதான் பேச்சே தொடங்கும். நகரத்தார் அல்லாத குடும்பங்களிலும் கேள்வி சற்று மாறுமே தவிர, விசாரணை மாறாது. கல்யாண வீட்டு முகப்பில் இதமாக இருக்கும் இந்த உறவுமுறை விசாரிப்பு, மருத்துவமனையின் ஓ.பி. சீட்டு வரிசையில் பெரும் தொல்லையாகிவிடுகிறது. சீட்டு எழுதுபவர் மாமியாரின் ஊர்க்காரராக இருப்பார், ஆய்வகத்தில் இரத்தம் எடுப்பவர் பக்கத்துத் தெருவில் குடியிருப்பார்.

எனக்கு மிகவும் வேண்டிய ஒரு பெண்ணின் கணவர் சிங்கப்பூரில் வேலை பார்க்கிறார். நம் பக்கத்தில் இப்படி வீட்டுக்கு வீடு உண்டு. அவர் விடுப்பில் வரும் சில வாரங்களுக்கு முன்பே கருத்தடைக்கு ஏற்பாடு செய்துகொள்ள நினைத்து அவள் ஒரு மருத்துவமனைக்குப் போனபோது, வரிசையில் நின்ற அத்தனை பேர் காதிலும் விழும்படி, "உன் வீட்டுக்காரர்தான் வெளிநாட்டில் இருக்கிறாரே, உனக்கு எதற்கம்மா இது?" என்று கேட்டிருக்கிறார்கள். கேட்டவர் கெட்ட எண்ணத்தில் கேட்டிருக்க மாட்டார் என்றே நான் நினைக்கிறேன். ஆனால் அந்த ஒரு வாக்கியம் மாலைக்குள் எத்தனை வாசற்படி ஏறியிருக்கும் என்பதை இந்த ஊரில் வாழ்கிறவர்களுக்கு விளக்க வேண்டியதில்லை. அவள் சீட்டை மடித்துக் கைப்பையில் வைத்துக்கொண்டு திரும்பிவிட்டாள்.

அவளுக்கு ஏற்ற வழி அரசிடமே இருந்தது. மூன்று மாதத்துக்கு ஒருமுறை போட்டுக்கொள்ளும் அந்தரா என்னும் கருத்தடை ஊசி, அரசு மருத்துவமனைகளில் இலவசம். வீட்டில் மாத்திரை அட்டை எதுவும் கிடக்காது. மாதவிலக்கு தொடங்கிய ஏழு நாள்களுக்குள் போட்டுக்கொண்டால் உடனே பாதுகாப்புக் கிடைக்கும். மாதவிலக்கு முறை தவறுவது உண்டு என்பதையும், ஊசியை நிறுத்திய பிறகு மீண்டும் கருத்தரிக்கச் சில மாதங்கள் பிடிக்கும் என்பதையும் செவிலியர் முன்கூட்டியே சொல்ல வேண்டும். மாத்திரையே போதும் என்பவர்களுக்கு ஹார்மோன் இல்லாத சாயா இருக்கிறது. முதல் மூன்று மாதம் வாரத்துக்கு இரண்டு, பிறகு வாரத்துக்கு ஒன்று. காப்பர்-டியில் 380 வகை பத்து ஆண்டுகள் வரை தாங்கும். இவற்றில் எதற்கும் கணவரின் கையொப்பம் சட்டப்படி தேவையில்லை. கேட்பார்கள், வழக்கத்தால் கேட்பார்கள். 'எந்த விதியில் இருக்கிறது' என்று பணிவாகத் திருப்பிக் கேட்கலாம்.

கருக்கலைப்பு என்று வரும்போது சட்டம் இன்னும் உறுதியாகப் பெண்ணின் பக்கம் நிற்கிறது. 1971-ஆம் ஆண்டுச் சட்டம் 2021-இல் திருத்தப்பட்டது. இருபது வாரம் வரை ஒரு மருத்துவரின் கருத்தும், குறிப்பிட்ட சூழ்நிலைகளில் இருபத்து நான்கு வாரம் வரை இரு மருத்துவர்களின் கருத்தும் போதும். மணமாகாத பெண்களுக்கும் இருபத்து நான்கு வார வரம்பு பொருந்தும் என்று 2022 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பதினெட்டு வயது நிறைந்த, மனநலம் குன்றாத பெண்ணின் ஒப்புதல் ஒன்றே போதுமானது. கணவர், தகப்பனார், மாமியார் எவருடைய சம்மதமும் வேண்டியதில்லை.

நம்மில் பலரும் அறியாதது அதன் ஆவண விதிகளைத்தான். கருக்கலைப்புக்கு வந்த பெண் கையெழுத்திட்ட ஒப்புதல் படிவத்தையும் மருத்துவரின் கருத்துப் படிவத்தையும் ஓர் உறையில் இட்டு, முத்திரை வைத்து, மேலே 'இரகசியம்' என்று குறித்துப் பாதுகாக்க வேண்டும். அவள் பெயர், மருத்துவமனையின் சேர்க்கைப் பதிவேட்டில் மட்டுமே இருக்கலாம். அறுவை அரங்குக் குறிப்பேடு உள்ளிட்ட மற்ற எல்லாவற்றிலும் வரிசை எண்ணைத்தான் எழுத வேண்டும். சட்டம் அனுமதித்தவரைத் தவிர வேறு எவருக்காவது மருத்துவர் அவள் அடையாளத்தை வெளியிட்டால் ஓராண்டு வரை சிறையோ, அபராதமோ, இரண்டுமோ விதிக்க இடமுண்டு. இவ்வளவு கவனமாக விதி எழுதியவர்கள் வரிசையில் நிற்கும் இடத்தை மறந்துவிட்டார்கள் என்பதே என் வருத்தம்.

இந்த மறைவு கிடைக்காமல்தான், சீட்டு இல்லாமல் மருந்துக் கடையில் கருக்கலைப்பு மாத்திரை வாங்கிப் போட்டுக்கொள்ளும் விபரீதம் நடக்கிறது. கரு கருப்பைக்கு வெளியே, குழாயில் தங்கியிருந்தால் அந்த மாத்திரை அதைக் கலைக்காது. குழாய் வெடித்து உயிருக்கே ஆபத்தாகலாம். மருத்துவர் ஒருவர் பார்த்துச் சொல்ல வேண்டியது இதனால்தான்.

பால்வினை நோய் குறித்த அச்சம் என்றால் அரசு மருத்துவமனைகளிலுள்ள நம்பிக்கை மையத்தில் எச்.ஐ.வி. பரிசோதனை இலவசம், முடிவும் இரகசியம். இதற்கு 2017-ஆம் ஆண்டுச் சட்டத்தின் காப்பும் உண்டு. யாரிடம் கேட்பது என்றே தெரியாவிட்டால் முகம் காட்டாமல் 104-க்கோ, எச்.ஐ.வி. தொடர்பாக 1097-க்கோ அழைத்துக் கேட்கலாம்.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். கருத்தடைச் சேவைக்கு நம் ஊர் மருத்துவமனைக்குத்தான் போக வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. சிவகங்கை அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையோ, புதுக்கோட்டையில் மகப்பேற்றுக்கென்றே இருக்கும் ராணியார் மருத்துவமனையோ, நம் முகம் தெரியாத இடமாக ஒன்றைத் தேர்ந்துகொள்ளலாம்; தனியாரிடம் கொட்டும் தொகையோடு ஒப்பிட்டால் பேருந்துக் கட்டணம் ஒரு பொருட்டன்று. என் சிநேகிதி கடைசியில் அப்படித்தான் வெளியூர் அரசு மருத்துவமனையில் ஊசி போட்டுக்கொண்டாள். அங்கே அவளிடம் கேட்டது கடைசியாக மாதவிலக்கு வந்த தேதியை மட்டும்தான். உள்ளூரிலேயே இது நடக்க வேண்டுமானால் புதுக் கட்டடம் எதுவும் வேண்டாம்: பெயரைக் கூவாமல் டோக்கன் எண்ணை அழைப்பதும், வந்த காரணத்தைக் கதவைச் சாத்திய அறைக்குள் மட்டும் கேட்பதும் போதும்.