ஒரே சொல், இரண்டு முயல்

கோலாலம்பூரில் செந்தூல் பக்கம் ஒரு சின்ன அச்சகத்தில் சிறுவர் இதழுக்கு மொழிபெயர்ப்பு, பிழைதிருத்தம், ஓவியரைத் துரத்திப் படம் வாங்குவது எல்லாம் நான்தான், சம்பளம் மட்டும் ஒன்று. போன வருடம் முயல் பக்கம் ஒன்று போட்டோம். மேலே யார்க்கந்து முயல், சீனாவின் தக்லமாகான் பாலைவனத்தைச் சுற்றிய தாரிம் வடிநிலத்தில் வாழ்வது. கீழே பெட்டிச் செய்தியாக லாவோஸ், வியட்நாம் மலைக்காட்டின் வரிமுயல். முன்னதற்கு 1875இல் லண்டனிலிருந்து ஆல்பர்ட் குந்தர் அறிவியல் பெயர் வைத்தார். வரிமுயலை 1990களில் லாவோஸ் சந்தையில் இறைச்சியோடு இறைச்சியாகக் கிடந்தபோது பார்த்து, 2000இல் தனி இனமாக எழுதினார்கள். அதனால்தான் ‘கண்டுபிடித்தார்கள்’ என்று போட எனக்கு மனம் வரவில்லை, சந்தையில் விற்றவருக்குத் தெரியாததா?

அந்தச் சொல்லுக்கு அரை நாள் செலவழித்தவன் ‘முயல்’ என்ற சொல்லை மட்டும் அப்படியே விட்டுவிட்டேன்.

வரிமுயல், ஆங்கிலத்தில் ‘ரேபிட்’ என்கிற குழிமுயல் பக்கத்து உறவு. யார்க்கந்து முயல் அப்படியில்லை, வெட்டவெளியில் வாழும் காட்டு முயல் சாதி, ஆங்கிலத்தில் ‘ஹேர்’. குழிமுயல் குட்டி சுமார் 30 நாளில் முடியில்லாமல், கண் மூடியபடி பிறக்கும். காட்டு முயல் ஒரு பத்து நாள் கூடுதலாகச் சுமந்து, உடம்பெல்லாம் முடியும் திறந்த கண்ணுமாகக் குட்டி போடும், ஏனென்றால் ஒளித்துவைக்க அதற்கு வளை கிடையாது, புதர் ஓரம் மண்ணில் ஒரு லேசான பள்ளம்தான். தமிழில் இரண்டுமே முயல். ஓவியர் சீனப் பையன், அவருக்கு வாட்ஸ்அப்பில் நான் அனுப்பியது ‘அர்னாப் குருன்’ என்ற இரண்டே மலாய்ச் சொல், பாலைவன முயல் என்று பொருள். அவருக்குத் தெரிந்த அர்னாப் கூண்டில் வளர்ப்பதுதான், சரி, அதையே மணலில் வளை தோண்ட வைத்து, உள்ளே இளஞ்சிவப்பாக நான்கு மொட்டைக் குட்டிகளைப் படுக்க வைத்துவிட்டார். படம் அழகாக இருந்தது.

நான் மூன்று முறை புரூஃப் பார்த்தேன். றகர ரகரம், ஒற்று, யார்க்கந்துக்கு மெய் இரட்டிக்க வேண்டுமா, எல்லாம். படத்தை ஒரு தடவைகூடப் பார்க்கவில்லை.

இதழ் வந்து நாலாவது நாள் ஒரு தமிழ்ப்பள்ளி ஆசிரியை போன் செய்தார். “சார், குட்டிங்க முடியோட பிறக்கும்னு எழுதியிருக்கீங்க, படத்துல மொட்டையா இருக்கு, எது சரின்னு ஒரு பையன் கேட்கிறான்.” எழுத்துதான் சரி டீச்சர் என்றேன். “அப்ப படம்?” என்றார். தான் பிடித்த முயலுக்கு மூன்று கால் என்று சாதிக்க அங்கே இடமேயில்லை.

அடுத்த இதழில் திருத்தம் போட்டோம். ஓவியர் முகம் சுளிக்காமல் மாற்றிக் கொடுத்தார், வளையை அழித்துவிட்டு, கீழே ஒரு கேள்வியும் அனுப்பியிருந்தார்: “அப்போ மழை பெய்தால் இது எங்கே போகும்?” பாலைவனம், மழை அபூர்வம் என்று பதில் எழுதிவிட்டு, இந்த முறை படத்தைப் பெரிதாக்கி ஒவ்வொரு குட்டியின் கண்ணையும் பார்த்தேன்.